வளையத்துக்கு எத்தனை எட்டு

நிவாரண லொறியில் வந்த சாமான்களில் அந்த இரும்பு வளையத்தை மட்டும் யாரும் கேட்கவில்லை.

சுனாமியில் கடல் ஊருக்குள் வந்து போய் மூன்று கிழமை ஆகியிருந்தது. கதிரவெளியில் தறப்பாள் கொட்டில்களுக்கு நடுவே லொறியை நிறுத்தி, வாளி, நுளம்புவலை, பிஸ்கட் பெட்டி என்று ஒவ்வொரு குடும்பமாகப் பேர் கூப்பிட்டுக் கொடுத்தார்கள். எல்லாம் இறக்கி முடிந்த பிறகு லொறியின் மூலையில் செம்மஞ்சள் நிறம் பூசிய ஒரு வளையம் கிடந்தது. அதைச் சுற்றி வெள்ளை வலை தொங்கியது. பக்கத்தில் காற்றுப் போன ஒரு பந்தும் சின்னப் பம்பும். அது எந்த ஊரில், யார் கொடுத்து லொறியில் ஏறியது என்று வந்தவர்களுக்கே தெரியவில்லை.

"வேணாமெண்டா திருப்பிக் கொண்டு போறம்," என்றான் லொறிக்காரன்.

சாமித்தம்பி வளையத்தைக் கையில் வாங்கி, வலையின் கண்ணியை விரலால் இழுத்துப் பார்த்தார்.

"இதுல மீன் அள்ள ஏலாது. அடி திறந்து கிடக்கு," என்றார்.

பக்கத்தில் நின்ற மகள் றஞ்சிதா நிமிர்ந்து பார்த்தாள். அவருடைய தோணியும் மனைவி இலட்சுமியும் ஒரே காலையில் கடலோடு போயிருந்தார்கள். அன்றிலிருந்து அவர் யாராவது கேட்டால் ஓம், இல்லை என்று சொல்வாரே தவிர, தானாக வாய் திறந்தது இதுதான் முதல் தடவை.

"அப்பா, அது மீனுக்கு இல்ல. பந்து போடுறது," என்றாள்.

அவளுக்கு அப்போது பதினேழு வயது. பள்ளிக்கூடத்தில் வலைப்பந்து அணியில் ஆடியவள். வலைப்பந்தில் வளையத்துக்குள் பந்து போடுவதற்கென்றே ஒருத்தி இருப்பாள். மற்றவர்கள் ஓடிப் பந்தைக் கொண்டுவந்து கொடுக்க, அவள் நின்ற இடத்தில் நின்று போடுவாள். றஞ்சிதா அந்த ஒருத்தி. பின்னால் பலகை இல்லாத ஒற்றை வளையம்தான் அவளுக்குப் பழக்கம். ஆனால் இந்த வளையத்தைக் கையால் அளந்தபோது ஏதோ பிழையாக இருந்தது. அவளுக்குத் தெரிந்த வளையம் ஒரு முழத்துக்கு நாலு விரல் குறைவு. இது சரியாக ஒரு முழம். யாருக்கு இவ்வளவு பெரிய வளையம் தேவைப்படுகிறது என்று அவளுக்கு யோசனையாக இருந்தது.

சாமித்தம்பி ஒரு எண்ணெய்ப் பரலை உருட்டி வந்து நிறுத்தி, அதன்மேல் மீன்பெட்டியை வைத்து, அதில் ஏறி நின்று, கைக்கு எட்டிய இடத்தில் தென்னையோடு வளையத்தை அடித்துக் கட்டினார். என்ன உயரம் என்று அவரும் கேட்கவில்லை, அவளும் சொல்லவில்லை.

முதல் நாள் கிட்ட நின்று போட்டாள். நாலு தரம் தவறி, ஐந்தாவது விழுந்தது. அதற்குப் பிறகு விழுந்துகொண்டே இருந்தது. அவ்வளவு பெரிய வாய் அல்லவா? அப்போதுதான் அவளுக்கு அந்தக் கேள்வி வந்தது: இன்னும் ஒரு எட்டுப் பின்னால் போனால் விழுமா?

மறுநாள் ஒரு எட்டுப் பின்னால் போனாள். விழுந்தது. அதற்கடுத்த நாள் இன்னொரு எட்டு. பந்து கையை விட்டுப் போய் வளையத்தை எட்டும்வரை உள்ள அந்தக் கொஞ்ச நேரம், உள்ளே போகுமா போகாதா என்பதைத் தவிர அவளுக்கு வேறு நினைப்பு இருக்காது. மற்ற நேரமெல்லாம் அந்தக் காலை கண்ணுக்குள் நின்றது. அன்று அம்மா கரையில் நின்று வலையில் மீன் கழற்றிக்கொண்டிருந்தாள். றஞ்சிதா தலையிடி என்று சொல்லி, உதவிக்குப் போகாமல் வளவில் படுத்திருந்தாள்.

சனங்கள் கதைக்கத் தொடங்கினார்கள். பக்கத்துக் கொட்டில் இரத்தினம்மா நேரேயே கேட்டாள்.

"என்னகா இது? தாய் போய் இன்னும் முப்பத்தொண்டாம் நாள் கிரியையும் முடியல்ல. நீ பந்து எறிஞ்சு விளையாடுறாய்?"

றஞ்சிதா பந்தைக் கொண்டுபோய்க் கொட்டில் மூலையில் போட்டுவிட்டாள். இரண்டு நாள் அதைத் தொடவில்லை. மூன்றாம் நாள் பின்னேரம் சாமித்தம்பியே அதை எடுத்துக்கொண்டு வெளியே வந்தார்.

"கடைசியா எத்தினை எட்டில நிண்டாய்?"

"பதினொண்டு."

"பன்னிரண்டில விழுமா?"

"தெரியாப்பா."

"பாப்பமே."

அவர் தென்னையின் கீழே போய் நின்றுகொண்டார். அவள் போட, அவர் ஓடிப் பொறுக்கித் திருப்பி எறிந்தார். பதினேழாவது தடவை பந்து வலையை உரசிக்கொண்டு இறங்கியது. சாமித்தம்பி பந்தைக் கையில் வைத்துக்கொண்டு வளையத்தை அண்ணாந்து பார்த்தார். "விழுதே!" என்றார், யாரோ சொன்ன பொய் உண்மையாகிப்போன மாதிரி. இரத்தினம்மா தன் கொட்டில் வாசலில் நின்று பார்த்துக்கொண்டிருந்தாள். 

இரண்டாயிரத்து ஆறு முடியும்போது வாகரைப் பக்கம் சண்டை வந்தது. ஊருக்குள் பீரங்கிச் செல் விழுந்தது. தகப்பனும் மகளும் கையில் அகப்பட்டதைத் தூக்கிக்கொண்டு காட்டுக்குள்ளால் நடந்து, நாலு நாள் கழித்துக் கிரானில் ஒரு முகாமுக்கு வந்து சேர்ந்தார்கள். வளையம் தென்னையில் நின்றது. பந்து எங்கே போனதென்று தெரியாது. முகாமில் பெண்பிள்ளையை வைத்திருக்கப் பயந்து சாமித்தம்பி அவளை மட்டக்களப்பு நகரத்தில் இலட்சுமியின் தங்கை அன்னப்பூரணி வீட்டுக்கு அனுப்பினார். ஆட்களைத் திரும்ப ஊருக்கு விட்டபோது அவர் தனியே கதிரவெளிக்குப் போனார்.

சின்னம்மா வீட்டிலிருந்து வாவிக்கரையால் நடந்தால் ஒரு கூடைப்பந்துத் திடல் வரும். அங்கே ஒரு கழகத்துப் பெண்கள் பின்னேரங்களில் பயிற்சி எடுத்தார்கள். ஒரு முழ வளையம் எதற்கு என்று றஞ்சிதாவுக்கு அங்கேதான் விளங்கியது. அவள் பத்து நாள் கம்பி வேலிக்கு வெளியே நின்று பார்த்தாள். பதினோராம் நாள் அவர்களைப் பழக்கும் கேதீசன் வேலிக்கு வந்தான். முப்பது வயதிருக்கும், பகலில் வங்கியில் எழுதுவினைஞர்.

"தங்கச்சி, நெடுக வந்து நிக்கிறீங்க. விளையாடத் தெரியுமா?"

"விளையாடத் தெரியாது. போடத் தெரியும்."

உள்ளே கூப்பிட்டுப் பந்தைக் கொடுத்தான். அவள் தரையில் வளைவாகக் கீறியிருந்த கோட்டுக்கு வெளியே, பதினான்கு எட்டில் போய் நின்றாள். முதல் பந்து வளையத்தையும் பலகையையும் தாண்டி அப்பால் போய் விழுந்தது. இரண்டாவது பலகையின் மேல் விளிம்பில் பட்டுத் தெறித்தது. மூன்றாவதும் அப்படித்தான். பெண்கள் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தார்கள். றஞ்சிதாவுக்கு வெட்கம் வரவேண்டிய இடத்தில் ஆச்சரியம்தான் வந்தது. வளையத்தையே பார்த்துக்கொண்டு நின்றாள்.

"இது கீழ நிக்கு," என்றாள்.

"உலகம் முழுக்க வளையம் பத்தடி," என்றான் கேதீசன்.

"எங்கட அப்பிடி இல்ல."

அவன் சிரிக்கவில்லை. எப்படிக் கட்டினார்கள் என்று விசாரித்தான். அவள் பரலையும் மீன்பெட்டியையும் சொன்னாள். அவன் மண்ணில் குந்தி, ஈர்க்கினால் எழுதிக் கூட்டினான். பரல் மூன்றடி, பெட்டி ஓரடி, அப்பாவின் நீட்டிய கை ஏழடி.

"பதினோரடி," என்றான். "ரெண்டு வருசமா நீங்க பதினோரடி வளையத்துக்கா போட்டீங்க?"

அவள் திரும்பவும் பதினான்கு எட்டில் போய் நின்றாள். இம்முறை பந்தை விடும்போது மனதுக்குள் வளையத்தை ஓரடி இறக்கினாள். பந்து வளையத்தின் பின்கம்பியில் பட்டு உள்ளே விழுந்தது. சிரித்த பெண்களில் ஒருத்தி ஓடிப் பந்தைப் பொறுக்கி அவளிடம் எறிந்தாள்.

ஆனால் பழக்கத்தை மாற்ற மூன்று மாதம் பிடித்தது. அவளுடைய பந்து மற்றவர்களுடையதைவிட மிக உயரமாக ஏறி, மேலிருந்து செங்குத்தாக இறங்கும். கேதீசன் அதைக் குறைக்கச் சொன்னான். குறைத்தால் தவறியது. ஏன் என்று அவளுக்குத் தெரிய வேண்டியிருந்தது. ஒரு காலை சின்னம்மா குளிக்கக் கழற்றி வைத்த வளையலை எடுத்துக் கண்ணுக்கு நேரே பிடித்துப் பார்த்தாள். மேலேயிருந்து பார்த்தால் முழு வட்டம். மெல்லச் சரித்தால் வட்டம் ஒடுங்கி ஒடுங்கிப் புளியங்காய் மாதிரி ஆனது. இன்னும் சரித்தால் வெறும் கோடு. அன்று பின்னேரம் வளையலையும் கொண்டு திடலுக்குப் போனாள்.

"அண்ணன், இங்க பாருங்க. பந்துக்குக் கண்ணிருந்தா மேல இருந்து வாறதுக்குத்தான் வளையம் பெரிசாத் தெரியும்."

கேதீசன் வளையலை வாங்கிச் சரித்துச் சரித்துப் பார்த்தான். "இனி நான் ஒண்டும் சொல்ல மாட்டன். நீங்க உங்கட மாதிரியே போடுங்க," என்றான்.

சின்னம்மா வளையலைக் காணாமல் வீடெல்லாம் தேடி ஏசியது வேறு கதை.

இரண்டாயிரத்து எட்டில் கேதீசன் சொல்லி, கொழும்பில் ஒரு தேயிலை ஏற்றுமதிக் கம்பனி அவளைத் தன் பெண்கள் அணிக்கு எடுத்தது. காலையில் பொதி கட்டும் பகுதியில் வேலை, மத்தியானத்துக்குப் பின் பயிற்சி. பந்தாடுவதற்காகவே தரும் சம்பளம் என்று சொல்லிக் கொடுத்தபோது அவள் அப்பாவுக்கு அதைத் தொலைபேசியில் விளக்கப் பட்ட பாடு கொஞ்சமல்ல.

அங்கே போய்ப் பார்த்தால் அவளுக்கு வேகம் போதாது. பந்தைத் தட்டிக்கொண்டு ஓடினால் பறித்துவிடுவார்கள். எதிராளியை மறிக்கவும் வராது. பயிற்சியாளர் இரண்டு கிழமை பார்த்துவிட்டு ஒரு முடிவுக்கு வந்தார்.

"நீ ஒன்றும் செய்யத் தேவையில்லை. நான் உள்ளே அனுப்பும்போது கோட்டுக்கு வெளியே அந்த மூலையில் போய் நில். பந்து வரும். போடு. பிறகு வெளியே வந்து உட்கார்."

அதுதான் அவளுடைய தொழில் ஆனது. நாற்பது நிமிட ஆட்டத்தில் ஆறு நிமிடம், சில நாள் எட்டு நிமிடம். கோட்டுக்கு வெளியே இருந்து விழுந்தால் மூன்று புள்ளி. பத்துப் போட்டால் நாலு விழும். நல்ல நாளில் ஐந்து. அவள் எழுந்து மேலங்கியைக் கழற்றினாலே எதிரணியில் ஒருத்தி அவளைத் தேடி ஓடி வருவாள். பந்து ஏறும் உயரத்தைப் பார்த்து மண்டபத்தில் ஆட்கள் "ஆ!" என்று இழுப்பார்கள், அது கூரையில் படும் என்று பந்தயம் பிடித்தவர்களும் உண்டு.

அந்த நாட்களில் தெருவுக்குத் தெரு சோதனைச் சாவடி. அடையாள அட்டையில் பிறந்த இடத்தைப் பார்த்ததும் பையைத் திறக்கச் சொல்வார்கள். ஒருமுறை பந்தைக் கண்ட சிப்பாய் அதைத் தட்டிக் காட்டச் சொன்னான். அவள் தார் ரோட்டில் மூன்று தரம் தட்டினாள். அவன் தலையாட்டிப் போகவிட்டான். அவள் பந்தைத் திரும்பப் பைக்குள் வைக்காமல் கையிடுக்கிலேயே பிடித்துக்கொண்டு தெரு முனைவரை நடந்தாள்.

இரண்டாயிரத்து ஒன்பது மே மாதம், யுத்தம் முடிந்தது என்று வானொலி சொன்ன நாளில், வெள்ளவத்தையில் அவள் தங்கியிருந்த வீட்டுக்கு வெளியே வெடி கொளுத்தினார்கள். கொடியோடு வாகனங்கள் போயின. வீட்டுக்கார அம்மா யன்னல்களைச் சாத்தினாள். றஞ்சிதாவுக்கு இனி ஊருக்குள் செல் விழாது என்பது நிம்மதியாக இருந்தது. அந்த நிம்மதியோடு சேர்ந்து, கடைசிச் சண்டை நடந்த வன்னியில் இருந்த பெரியப்பா குடும்பம் என்ன ஆனதென்று தெரியாத பயமும் இருந்தது. அழுவதா என்ன செய்வதா என்று புரியாமல், பயிற்சி இருக்கிறதா என்றுகூடக் கேட்காமல் பையைத் தூக்கிக்கொண்டு போனாள்.

மண்டபத்தில் ஒருத்தி மட்டும் இருந்தாள். அணித்தலைவி நிலூக்கா. களனிப் பக்கத்துப் பெண். உயரம், அகன்ற தோள், பேச்சுக் குறைவு. இருவருக்கும் இடையில் அரைகுறைச் சிங்களமும் அரைகுறைத் தமிழும்தான் ஓடும். அன்று அதுவும் ஓடவில்லை.

றஞ்சிதா மூலையில் நின்று போட்டாள். தவறியது. மறுபடி போட்டாள். தவறியது. கை அதே கை, வளையம் அதே வளையம், எட்டும் அதே எட்டு. பதினொரு பந்து தொடர்ந்து தவறின. அவள் வாழ்க்கையில் அப்படி நடந்ததில்லை. தன் கையையே புதிதாகப் பார்ப்பதுபோல் புரட்டிப் பார்த்தாள். நிலூக்கா வளையத்தின் கீழே நின்று ஒவ்வொரு பந்தையும் பிடித்துத் திருப்பி எறிந்தாள்.  இருபதாவதோ என்னவோ விழுந்தது. அதற்குப் பிறகும் ஒரு மணி நேரம் போட்டார்கள். இருட்டுமுன் நிலூக்கா அவளோடு நடந்து வந்து வீட்டு வாசல்வரை விட்டுவிட்டுப் போனாள்.

பெரியம்மாவும் இரண்டு பிள்ளைகளும் வவுனியா முகாமில் இருப்பதாக அடுத்த மாதம் கடிதம் வந்தது. பெரியப்பாவைப் பற்றி அதில் ஒன்றும் இல்லை. பிறகும் ஒரு செய்தியும் வரவில்லை.

இரண்டு வருடம் கழிந்து ஆட்டத்தின் சட்டம் மாறியது. மூன்று புள்ளிக் கோட்டை அரை மீற்றர் பின்னால் தள்ளிவிட்டார்கள். பெரிய பெரிய ஆட்டக்காரிகளின் பந்தெல்லாம் வளையத்துக்குக் குறைய விழுந்தது. றஞ்சிதா பயிற்சியின் முதல் நாளே புதுக் கோட்டுக்கு அப்பால் போய் நின்றாள். அவளுக்கு அது ஒரு எட்டுத்தான். இதைத் தொலைபேசியில் சாமித்தம்பிக்குச் சொன்னாள்.

"நான் ஒருக்கா வந்து பாக்கட்டா?" என்று கேட்டார் அவர்.

அவர் கொழும்புக்கு வந்தது அதுதான் முதல் தடவை. சலவை செய்த சாரனும் வெள்ளைச் சேட்டுமாக மண்டபத்தின் முன்வரிசையில் இருந்தார். அரையிறுதி ஆட்டம். றஞ்சிதாவை ஏழு நிமிடம் இறக்கினார்கள். நாலு போட்டாள், மூன்று விழுந்தன. கடைசியில் இரண்டு புள்ளியால் தோற்றார்கள்.

ஆட்டம் முடிந்ததும் றஞ்சிதா முன்வரிசைக்கு வந்து அவர் பக்கத்தில் இருந்தாள்.

"இவ்வளவும்தானா மகள்? உன்ன ஏழே ஏழு நிமிசந்தானே விட்டாங்க."

"எனக்கு அதுதான் வேலையப்பா."

"ம்." அவர் திடலைப் பார்த்தார். "நீ போடுறத நான் நெடுகப் பாத்தவன்தானே. அதால இண்டைக்குப் பந்தைப் பாக்கல்ல. நீ மூலைக்கு ஓடக்குள்ள, உன்னப் பிடிக்க ஒருத்தி விழுந்தடிச்சு வாறா. அப்ப உங்கட ஆள் ஒருத்தி, அந்த உயர்ந்த புள்ள, குறுக்க போய் அசையாம நிக்கிறா. மற்றவ வந்து இவவில மோதுறா. ஒவ்வொரு தரமும் மோதுறா. அதுக்குள்ளதான் நீ போடுறாய். அவட பேரென்ன?"

"நிலூக்கா."

"அவவுக்கு நோகாதா?"

றஞ்சிதாவுக்குத் தெரியாது.  மூன்று வருடம். வளையத்தின் அகலம், உயரம், எட்டு, பந்து ஏறும் கோணம் எல்லாம் துருவித் துருவிக் கேட்டவள், இதை ஒரு நாளும் கேட்டதில்லை. எதிராளிக்குக் குறுக்கே நின்று திரை மறிப்பது ஆட்டத்தில் உள்ள ஒரு முறை, எல்லா அணியிலும் செய்வார்கள், அவ்வளவுதான் என்று நினைத்திருந்தாள்.

எழுந்து உடைமாற்றும் அறைக்குப் போனாள். நிலூக்கா வாங்கில் ஒருக்களித்து இருந்து, ஐஸ் கட்டிய துவாயை விலாவில் அழுத்திக்கொண்டிருந்தாள். துவாயை விலக்கியபோது கையகலத்துக்கு நீலம் பாரித்திருந்தது. அதன் ஓரத்தில் பழைய காயங்களின் மஞ்சள்.

"நோகுதா?" என்று சிங்களத்தில் கேட்டாள் றஞ்சிதா.

"எப்பவும்தான்."

"ஏன் எனக்குச் சொல்லவில்லை?"

நிலூக்கா அவளைக் கொஞ்சம் விசித்திரமாகப் பார்த்தாள். "நீ கேட்கவில்லையே," என்றாள். அதில் கோபம் ஒன்றும் இல்லை.

றஞ்சிதா அவள் பக்கத்தில் இருந்து துவாயைத் தன் கையால் பிடித்துக்கொண்டாள். கொஞ்ச நேரம் போய், "எப்படி அசையாமல் நிற்கிறாய்? வருகிறவளைப் பார்ப்பாயா, கண்ணை மூடுவாயா?" என்று கேட்டாள்.

"பார்க்க மாட்டேன். காலடிச் சத்தம் கேட்கும். கிட்ட வரும்போது மூச்சை வெளியே விட வேண்டும். உள்ளே பிடித்தால் விலா உடையும்."

"எனக்குக் காட்டித் தருவாயா?"

நிலூக்கா சிரித்துவிட்டு விலாவைப் பிடித்துக்கொண்டாள். "நீ காற்றடித்தால் விழுகிறவள்."

மறுநாள் காலை சாமித்தம்பி மட்டக்களப்புப் பஸ்ஸில் ஏறினார். யன்னலால் எட்டி, "அந்தப் புள்ளயக் கேட்டியா?" என்றார். "ஓம்பா. நோகுதாம்," என்றாள். அவர் தலையை ஆட்டிக்கொண்டார். பஸ் தெரு முனையில் கிறுகிப் போனது.

அந்த வாரப் பயிற்சியில் இருவரும் இடம் மாறி நின்றார்கள். நிலூக்கா மூலைக்கு ஓட, றஞ்சிதா குறுக்கே போய்க் காலை அகட்டி ஊன்றினாள். பின்னால், நிலூக்காவைப் பிடிக்க ஓடி வந்தவளின் சப்பாத்துச் சத்தம் நெருங்கியது. மூச்சை வெளியே விடவேண்டும் என்பது நினைவுக்கு வரும்போது காலம் கடந்துவிட்டது. மரத்தரையில் போய் விழுந்தாள். உள்ளங்கை எரிந்தது, முழங்கை மரத்தது. படுத்தபடியே திரும்பிப் பார்த்தாள். நிலூக்காவின் பந்து வளையத்தில் பட்டு எங்கேயோ பறந்துகொண்டிருந்தது.

பயிற்சியாளர் பதறி ஓடி வந்தார். "போடுகிற கை! போடுகிற கைக்கு என்ன ஆனது?"

"கைக்கு ஒன்றுமில்லை," என்று றஞ்சிதா எழுந்து மண்ணைத் தட்டுவதுபோல் காற்சட்டையைத் தட்டிக்கொண்டாள். "சேர், நான் விழுந்தது காலைக் கிட்ட வைத்ததாலா, மூச்சைப் பிடித்ததாலா?"

பதிலுக்குக் காத்திராமல் திரும்பப் போய்க் குறுக்கே நின்றாள்.